ஈரத்தோடு வந்து கேட்டவள்

எல்லாம் ஒரு வேகத்தடையில் ஆரம்பித்தது. நானும் என் தோழியும் பி.எட். படித்த வருடம் அது. பாவூர்சத்திரத்தில் ஏறித் தென்காசியில் இறங்குவோம். பஸ்ஸில் அவள் மடியில் நோட்டை வைத்து எழுதிக்கொண்டே வருவாள். பாடத்தை எழுதினாளா என்றால் இல்லை. நாங்கள் இருவரும் சேர்ந்து ஒரு நாட்டைக் கட்டிக்கொண்டிருந்தோம். பேசுகிற மலை, பின்னோக்கி ஓடுகிற ஆறு எல்லாம் அங்கே உண்டு. அந்த நாட்டு ஞானிகளுக்கு ‘உண்மையர்’ என்று பேர் வைக்கப் போனாள். பஸ் தூக்கிப் போட்டதில் ‘உம்மையர்’ என்று விழுந்துவிட்டது.

அடித்துத் திருத்தப் போனவளை நான்தான் தடுத்தேன். இரண்டு பேரும் தமிழ் படித்தவர்கள். உம்மைத்தொகை எங்களுக்குச் சோறு போடப்போகிற சங்கதி. இரவுபகல் என்றால் இரவும் பகலும். நடுவில் ‘உம்’ ஒளிந்திருக்கிறது. உலகத்தில் எந்த வாக்கியத்திலும் ஓர் ‘உம்’ ஒளிந்திருக்கிறது, அதை வெளியே எடுத்துப் பேசுகிறவரே உம்மையர் என்று அன்றைக்கே முடிவு செய்தோம். ‘மழை பெய்கிறது’ என்று அவர்கள் சொல்ல மாட்டார்கள். அது பாதி வாக்கியம். பெய்யவும் செய்கிறது, பெய்யாமலும் இருக்கிறது என்பார்கள். அவர்களுக்கு இரண்டு சாமி. ஒரு சாமி, இன்னொரு சாமியே கிடையாது என்று சொல்லும். இரண்டுக்கும் ஒரே படையல். வழக்கு என்று போனால் இரண்டு கட்சியும் ஜெயித்ததாகத் தீர்ப்பு வரும். ஐந்தருவியைக் காட்டினால், ஒன்றும்தான் ஐந்தும்தான் என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போய்விடுவார்கள்.

“நம்ம ஊர்க்காரங்களே பாதி உம்மையர்தாம்ட்டி,” என்பாள் அவள். “கெளம்பும்போது என்ன சொல்லுதோம்? ‘வாரேன்’னுதான? போறவன் வாரேங்கான். இதுக்கு மேல என்ன வேணும்?”

உம்மையருக்கு ஒரே ஒரு விலக்கு வைத்தாள். ஈரத் துணியோடு வந்து கேட்கிறவருக்கு மட்டும் ஒரே பதில்தான் சொல்ல வேண்டும். எனக்கு அது பிடிக்கவே இல்லை. நன்றாக இருக்கிற தத்துவத்தில் ஓட்டை போடுகிறாயே என்று சண்டை பிடித்தேன்.

“நடுங்கிட்டு நிக்கவகிட்ட போயி ரெண்டு சொல்லுவியாக்கும்? துண்டக் குடுத்து ஒண்ணச் சொல்லு.”

அதை நோட்டிலும் எழுதினாள். நான் விடுவேனா, பக்கத்தில் பெரிதாக ஒரு கேள்விக்குறி போட்டு வைத்தேன்.

படிப்பு முடிந்த கையோடு அவளுக்கு வரன் வந்தது. மாப்பிள்ளை வேறு யாருமில்லை, என் பெரியம்மா மகன். புளியங்குடியில் எலுமிச்சை கமிஷன் கடை. ஆளை எல்லாருக்கும் பிடிக்கும். தெருவில் யாருக்கு உடம்பு சரியில்லை என்றாலும் முதல் ஆளாக வண்டியை எடுப்பான். அதே அண்ணன், ரசத்தில் உப்பில்லை என்று ஒரு மத்தியானம் தட்டைத் தூக்கிப் பெரியம்மா மேல் எறிந்ததை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். பெரியம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, “வெளிய சொல்லிராதட்டி,” என்றாள். நானும் சொல்லவில்லை.

ஆனி மாதம், சாரல் தொடங்கியிருந்தது. ஐந்தருவிக்குப் போவோம் என்று அவள்தான் என்னை இழுத்துக்கொண்டு போனாள். எனக்குச் சளி பிடித்திருந்ததால் பையையும் செருப்பையும் பார்த்துக்கொண்டு ஓரமாக நின்றேன். பெண்கள் பக்கத்தில் குளித்துவிட்டு, தலைகூடத் துவட்டாமல், சொட்டச் சொட்ட நேரே என்னிடம் வந்தாள். துண்டை நீட்டினேன். வாங்கவில்லை.

“ஒங்க அண்ணன் எப்படிட்டி? சொல்லு.”

“நல்லவனும்தான், கோவக்காரனும்தான்,” என்றேன். சொல்லிவிட்டுச் சிரித்தேன். உம்மையர் மாதிரியே பதில் சொல்லிவிட்ட பெருமை வேறு.

அவள் சிரிக்கவில்லை. உதடு நடுங்க என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

“அவ்வளவுதானா?”

“அவ்வளவுதான்.”

துண்டை வாங்கிக்கொண்டாள்.

பெரியம்மா கேட்டுக்கொண்டதற்காகத்தான் வாயை மூடிக்கொண்டேன் என்று வெகுநாள் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அதுவும் உண்டு. ஆனால் அதைவிடப் பெரிய காரணம் வேறு. அவள் எங்கள் குடும்பத்துக்கே வந்துவிடுவாள், காலம் முழுக்க என் பக்கத்திலேயே இருப்பாள் என்று ஆசைப்பட்டேன். வெட்கம்கெட்ட ஆசை. அதை மறைத்துக்கொள்ள ஒரு ஞானிக் கூட்டமே எனக்குத் துணை இருந்தது.

கல்யாணம் முடிந்த மறுநாளே பெரியம்மா கண்டித்துவிட்டாள்: இனிமேல் ‘ஏட்டி’ போட்டுக் கூப்பிடக் கூடாது, மதினி. விசேஷ வீடுகளில் பார்க்கும்போது, “மதினி, நல்லாருக்கீங்களா?” என்பேன். “இருக்கேன்,” என்பாள். இரண்டாவது வருடம் ஒரு சடங்கு வீட்டில் அவளுடைய இடது பக்கம் நின்று கூப்பிட்டேன். திரும்பவில்லை. மறுபடியும் கூப்பிட்டேன். சளி காதை அடைத்திருக்கிறது என்றாள் பெரியம்மா. நானும் சளி என்றே வைத்துக்கொண்டேன். அதற்குப் பிறகு ஒவ்வொரு விசேஷத்திலும் அவளுக்கு அதே காதில் அதே சளி. பள்ளிக்கூடத்தில் நான் பிள்ளைகளுக்கு உம்மைத்தொகை நடத்திக்கொண்டிருந்தேன்.

போன ஆவணியில் ஒருநாள், அருவியில் அவள் என்னிடம் கேட்டு ஆறு வருடம் கழித்து, ஒரு பையோடு தென்காசியில் என் வீட்டுக்கு வந்தாள். அண்ணனை விட்டுவிட்டு வந்திருந்தாள். கோயம்புத்தூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை கிடைத்திருக்கிறதாம். பஸ்ஸுக்கு இன்னும் ஒரு மணி நேரம் இருக்கிறதாம். பையிலிருந்து அந்தப் பழைய நோட்டை எடுத்து மேஜையில் வைத்தாள். ஒரு பக்கம் மட்டும் மடித்திருந்தது. பிரித்துப் பார்த்தேன். ஈரத் துணியோடு வந்து கேட்கிறவருக்கு ஒரே பதில். பக்கத்தில் என் கேள்விக்குறி.

அன்றைக்கு நீட்டியதும் அவள் ஏன் துண்டை வாங்கவில்லை என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது.

“நீ வேணும்னே நனைஞ்சிட்டு வந்து கேட்டியாட்டி?”

“பின்ன?”

“நான் பொய் சொல்லலட்டி. அவன் நல்லவனும்தான…”

“பொய்யின்னு யாரு சொன்னா? ரெண்டும் நெசந்தான். எனக்கு அன்னைக்கி எது வேணும்னு ஒனக்குத் தெரியும்லா.”

எனக்கு அழுகை வந்துவிட்டது. அவளுக்கு வரவில்லை. நான் போட்டுக் கொடுத்த காப்பியைக் குடித்தாள். யாரோ வீட்டில் குடித்த மாதிரி டம்ளரைக் கழுவிக் கவிழ்த்து வைத்தாள். வாசலில் செருப்பை மாட்டும்போது அவளுடைய வலது பக்கமாகப் போய் நின்றுகொண்டேன். ‘வாரேன்’ என்பாள் என்று காத்திருந்தேன். எந்தச் சண்டைக்குப் பிறகும் அவள் அதைச் சொல்லாமல் கிளம்பியதில்லை.

“போறேன்,” என்றாள்.