பலெர்மோவில் ஆடிய இறுதியாட்டம்

திங்கட்கிழமை காலை, வேலை செய்யும் வீட்டுச் சமையலறையில் வீட்டுக்கார அம்மா சிஞ்ஞோராவுக்குக் கோப்பி ஊற்றிக்கொண்டிருந்தேன். தொலைபேசியில் அருள்நாயகத்தின் மகள் ஸ்ரெல்லா. "மாமா, பப்பா விடிய மோசம் போயிட்டார்" என்றாள். விடியற்காலையில் உயிர் பிரிந்திருந்தது. சிஞ்ஞோரா என் முகத்தைப் பார்த்துவிட்டு அடுப்பைத் தானே அணைத்தார்.

இங்குள்ள தமிழர் பலருக்கு அருள்நாயகத்தை ஆலயப் பாடகர் குழுவின் கனத்த குரலாகத் தெரியும். நோயாளியான ஒரு வழக்கறிஞரைப் பல ஆண்டுகள் பராமரித்தவராகவும் தெரியும். எனக்கு அவர் முதலில் எதிரணித் தலைவர்.

அவர் தீவுப்பகுதிக் கல்லூரியொன்றின் உதைபந்தாட்ட அணிக்குக் கப்டன். நான் யாழ்ப்பாணக் கரையோரக் கல்லூரியொன்றின் கோல்காப்பாளர். அவருக்கு ஒரு வகுப்புக் கீழே. அந்தப் பருவத்தில் அவர்களுடைய அணி தோற்றதே இல்லை. முதற்சுற்றில் அவர் அடித்த பந்து என் விரல்களை மடக்கிக்கொண்டு வலைக்குள் போனது. மற்றவர்கள் துள்ளிக் குதிக்க, அவர் என்னிடம் ஓடிவந்து, "விரல் அசையுதோ? ஒருக்கா அசைச்சுக் காட்டும்" என்றார்.

எங்கள் அணியும் தட்டுத்தடுமாறி இறுதியாட்டத்துக்கு வந்தது. ஆட்டம் சனிக்கிழமை. வியாழனன்று தீவில் எறிகணைச் செல் விழத் தொடங்கியது. ஊரே வள்ளங்களில் கிளம்பியது. அவர்களுடைய இடப்பக்க விங் ஆட்டக்காரர் குணம் இறங்குதுறையிலேயே இறந்துபோனார். ஆட்டம் நடக்கவில்லை. கிண்ணம் எவருக்கும் கொடுக்கப்படவில்லை.

பல ஆண்டுகளின் பின், இத்தாலியில் பலெர்மோ நகரின் பல்லரோச் சந்தையில் கணவாய்க்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து ஒரு குரல்: "நீர் அந்தக் கோலி எல்லோ?"

தலை நரைத்திருந்தது. நிற்கும் விதம் மட்டும் மாறவில்லை. "ஓம். நீங்கள் தீவுக் கப்டன்" என்றேன். மீன்காரன் பார்த்திருக்கக் கட்டிப்பிடித்துக்கொண்டோம். பிடியை விட்டதும் அவர் கேட்டது: "அந்த மட்சை எப்ப விளையாடுறது?"

பகிடி என்றே நினைத்தேன். ஆனால் அவர் இரு கல்லூரிக்காரர்களையும் தேடித் தேடி, ஞாயிறு திருப்பலி முடிய ஒவ்வொருவராகப் பிடித்தார். முழங்கால் ஏலாது என்றவரிடம், "ஓடச் சொல்லேல்லை, வந்து நில்லும்" என்றார். நகரோரச் சியாகுல்லியில் மண்டரின் தோடம்பழத் தோட்டங்களுக்குப் பக்கத்தில் பங்குக் கோயிலுக்குச் சொந்தமான மைதானம் கிடைத்தது. விசில் ஊத இளம் இத்தாலியச் சுவாமியார் ஒருவர் வந்தார்.

அவருடைய அணி பத்துப் பேருடன் இறங்கியது. எங்களிடம் ஆள் மிச்சமிருந்தது. ஒருவரைத் தருகிறோம் என்றேன்.

"வேண்டாம். அது குணத்தின்ரை இடம்."

எங்கள் வலப்பக்கப் பின்வரிசைக்காரர் ஜெயராஜ், குணத்தை மறிக்க வேண்டியவர், சப்பாத்தைக் கழற்றிக்கொண்டு கோட்டுக்கு வெளியே போய் உட்கார்ந்தார். "என்ரை ஆள் வரேல்லை. நான் இனி ஆரை மறிக்கிறது?" என்றார்.

பத்துக்குப் பத்தாக ஆடினோம். எங்கள் பிள்ளைகள் இத்தாலியனில் கத்தினார்கள். அணிக்கொரு கோல் என்றிருந்தபோது, ஆட்டம் முடியும் தறுவாயில் அவர்களுக்குத் தண்ட உதை கிடைத்தது. அவர் அடித்தார். நான் மறுபக்கம் பாய்ந்தேன்.

வென்ற கப்டன் துள்ளவில்லை. நேரே இடப்பக்கக் கோட்டோரம் போய் நின்றார். பிறகு வாய்விட்டு அழுதார். குணத்துக்காக அவர் அழுததை அன்றுதான் முதன்முதலாகப் பார்த்ததாக அவர் மனைவி பின்னர் சொன்னார். நான் போய்ப் பக்கத்தில் நின்றேன். "இப்பதான் முடிஞ்சுது" என்றார்.

அன்றிலிருந்து ஈஸ்டர் சாப்பாடு இரு குடும்பத்துக்கும் ஒரே மேசையில்தான். என் மனைவி அறுவைச் சிகிச்சை முடிந்து கிடந்த வாரம் எங்கள் வீட்டில் சமைத்தவர் அவரே. உறைப்பு அதிகம்; பிள்ளைகள் இன்றும் சொல்வார்கள்.

போன மாதம் மருத்துவமனையில், மெலிந்த குரலில் கேட்டார்: "அந்தத் தண்ட உதை பிழையாக் குடுத்ததெண்டு இன்னும் நினைக்கிறீரோ?"

"ஓம்."

"சரி. அங்கை போய் குணத்தைக் கேட்டுப் பாக்கிறன்." சிரிக்க முயன்று இருமினார். நான் தலையணையை நிமிர்த்திவிட்டு, அவர் தூங்கும்வரை இருந்தேன்.

நேற்று அவரைக் கபோச் சந்தைத் தெருவால் ஆலயத்துக்குக் கொண்டுபோனோம். ஒடுங்கிய தெரு. கடைக்காரர்கள் கத்தரிக்காய்ப் பெட்டிகளை உள்ளே இழுத்து வழி விட்டார்கள். கூவி விற்றவர்கள் தொப்பியைக் கழற்றினார்கள். தமிழும் இத்தாலியனும் அடங்கிய அந்த அமைதிக்குள் சவப்பெட்டி தோள்களில் மெல்ல நகர்ந்தது.

போயிட்டு வாங்கோ, கப்டன். உங்களை எதிரணியில் பெற்றது என் வாழ்வின் பேறு.