புண்ணிய காலத்து ஆயில்

எங்கள் வீட்டில் வருசப் பிறப்புக்குப் புது உடுப்பு எடுக்காத ஆள் அப்பா ஒருவர்தான். அவர் பங்கையும் கார் எடுத்துக்கொள்ளும். புது ஆயில், புது ஆயில் ஃபில்டர், கை கொஞ்சம் தாராளமாக இருந்தால் வைப்பருக்குப் புது ரப்பர். பல்லேபொலச் சந்தியில் மற்றவர்கள் சட்டைத்துணியைத் தடவிப் பார்த்துக்கொண்டிருக்கும்போது அப்பா ஹாட்வெயார் கடையில் ஆயில் கேனைத் தூக்கிக் குலுக்கிப் பார்த்துக்கொண்டிருப்பார். பல கைகள் மாறி எங்களிடம் வந்த பழைய டீசல் கார் அது. காலையில் ஸ்டார்ட் பண்ணினால் நெல் மில் ஓடுகிற சத்தம் வரும். பக்கத்துத் தோட்டத்துக் கோழிகளுக்கு அது பழகிவிட்டது, எங்களுக்குத்தான் பழகவில்லை.

ஆயில் மாற்றுவதற்குக் காரை அப்பா கராஜுக்குக் கொண்டுபோக மாட்டார். கராஜ்காரன் அழுக்குக் கையோடு ஸ்டியரிங்கைப் பிடிப்பான் என்பது அவர் சொன்ன காரணம். உண்மையான காரணம், அந்த வேலை அவருக்கு அவ்வளவு பிடித்திருந்தது. மிளகு ஸ்டோரில் நாள் முழுவதும் முதலாளிக்குத் தலையாட்டும் மனிதர், காருக்கு அடியில் சாக்கை விரித்துப் படுத்துவிட்டால் யாருக்கும் பதில் சொல்லத் தேவையில்லை. அங்கேயும் குரல் எட்டுகிற ஒரே ஆள் அம்மா.

அந்த வருடம் சித்தி பிள்ளை பெற எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். சித்தி அம்மாவின் ஒரே தங்கை. சித்தியின் சிறு வயதிலேயே அவர்களுடைய தாய் இறந்துவிட்டதால் சித்தியை வளர்த்ததெல்லாம் அம்மாதான். தலை பின்னியது, பள்ளிக்கூடம் அனுப்பியது, கல்யாணம் செய்து கொடுத்தது எல்லாம். ஆகவே முதல் பிரசவத்துக்குத் தாய் வீடு என்றால் அது எங்கள் வீடு. சித்தப்பா வெளிநாட்டில் லொறி ஓட்டிக்கொண்டிருந்தார். டாக்டர் சொன்ன திகதிக்கு வருசப் பிறப்பு முடிந்து இன்னும் நாள் இருந்தது. அதனால் எல்லோரும் நிம்மதியாக இருந்தோம். வலி வந்தால் காரில் ஏற்றி மாத்தளை ஆஸ்பத்திரிக்குப் போவது என்று முடிவாகியிருந்தது.

வருசம் பிறக்கிற நேரத்தை ஒட்டிய சில மணித்தியாலங்களுக்குப் புண்ணிய காலம் என்று பெயர். கோயிலில் மூலிகை போட்டுக் காய்ச்சித் தருகிற மருத்து நீரைத் தலையில் வைத்துக் குளிக்க வேண்டும், சாமி கும்பிட வேண்டும், வேறு வேலை எதுவும் செய்யக் கூடாது. பக்கத்துச் சிங்கள வீடுகளில் இதை நொனகதய என்பார்கள். அங்கே அடுப்பில் நெருப்புக்கூட இருக்காது. அம்மா எதற்கும் இருக்கட்டும் என்று இரண்டு பேருடைய சட்டத்தையும் சேர்த்துக் கடைப்பிடித்தாள். கத்தி, ஊசி, விளக்குமாறு எல்லாம் அலுமாரிக்குப் பின்னால் போய்விடும். அந்த நேரத்தில் செய்கிற வேலையின் தோஷம், செய்த கையில் வருசம் பூராவும் ஒட்டிக்கொண்டு நிற்கும், அந்தக் கை தொடுவதையும் பிடிக்கும் என்பது அவள் நம்பிக்கை. நான் பென்சில் சீவியதற்கே அடி வாங்கியிருக்கிறேன்.

அந்த முறை புண்ணிய காலம் பட்டப்பகலில் வந்தது. முதல் நாளே ஆயில் மாற்றியிருக்க வேண்டிய அப்பா, ஸ்டோரில் இருந்து பிந்தி வந்ததால் வேலையை அன்று காலைக்கு வைத்துக்கொண்டார். முன் சக்கரங்களைச் செங்கல் அடுக்கின் மேல் ஏற்றி, பின் சக்கரங்களுக்குக் கல் வைத்து, கீழே நுழைந்து அடி நட்டைக் கழற்றினார். கறுத்த ஆயில் வெட்டிய கேனுக்குள் கயிறு மாதிரி இறங்கியது. டீசல் காரின் ஆயில் எப்போதும் அப்படித்தான், நேற்று ஊற்றினாலும் இன்றைக்குக் கறுத்துப்போகும். அந்தப் பழைய ஆயில் வேலிக் கம்புகளுக்குக் கறையானுக்குப் பூசப்படும். எங்கள் தோட்டத்து வேலி அந்த வட்டாரத்திலேயே கறுப்பு.

ஃபில்டர்தான் மக்கர் பண்ணியது. திருகினால் அசையவில்லை. அப்பா இடுப்பு பெல்ட்டைக் கழற்றி அதைச் சுற்றி இறுக்கி இழுத்தார். அவருடைய காற்சட்டை இறங்கியது, ஃபில்டர் இறங்கவில்லை. இதற்குள் அம்மா குசினி வாசலில் வந்து நின்றாள்.

"ஏங்க, நேரம் வரப் போகுது. அப்படியே போட்டுட்டு வெளிய வாங்க."

"இந்தா முடிஞ்சிருச்சு."

"இதையேதான் அப்பயும் சொன்னீங்க."

ஃபில்டர் ஒரு வழியாகக் கழன்றது. அவசரத்தில் அப்பா புதியதைப் பூட்டினார், புது ஆயிலை ஊற்றினார், ஓடிப்போய் ஸ்டார்ட் பண்ணினார். மறு நிமிடம் காருக்கு அடியில் இருந்து ஆயில் பீறிட்டு முற்றத்தில் பாய்ந்தது. அப்பா பாய்ந்து சாவியைத் திருப்பினார். கார் நின்றது. சரியாக அந்த நேரத்தில், புண்ணிய காலம் தொடங்கியதென்று கோயில் மணி அடித்தது. சுற்றிலும் பட்டாசு வெடித்தது. எங்கள் புது ஆயில், வாசலில் போட்டிருந்த கோலத்தை நோக்கி மெதுவாக நகர்ந்துகொண்டிருந்தது.

"போதும், இனிக் கை வைக்காதீங்க" என்றாள் அம்மா. அவ்வளவுதான். அப்பா மண்ணெண்ணெயில் கையைக் கழுவி, மருத்து நீர் வைத்துக் குளித்து, வெள்ளை வேட்டியோடு கதிரையில் உட்கார்ந்தார். கார் செங்கல் மேல் மூக்கைத் தூக்கிக்கொண்டு நின்றது. கொஞ்ச நேரம் அதையே வெறித்துப் பார்த்தவர் திடீரென்று தொடையில் தட்டினார்.

"பழைய ரப்பர். பழைய ஃபில்டரோட ரப்பர் வளையம் கழறாம எஞ்சின்லயே ஒட்டிக்கிட்டு இருக்கு. நான் பாக்காம அதுக்கு மேல புதுச பூட்டிட்டேன். ரெண்டு ரப்பர் இருந்தா எப்படி இறுகும்."

"இருக்கட்டும். சாயங்காலம் பாருங்க" என்றாள் அம்மா.

சித்தி மர வாங்கில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். முகம் வெளுத்து, மேல் உதடு வியர்த்திருந்தது. அம்மா பக்கத்தில் போய் வயிற்றில் கை வைத்துப் பார்த்தாள்.

"எப்ப இருந்துடி?"

"விடியக் காலைல இருந்து லேசா. இப்ப கூடுதுக்கா. புண்ணிய காலம் முடியிற வரைக்கும் தாங்கிறலாம்னு பாத்தேன்."

அப்பா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு சந்திக்கு ஓடினார். ஆட்டோக்கள் வரிசையாக நின்றன, ஒன்றிலும் ஆள் இல்லை. பஸ் கிடையாது. வேன் வைத்திருந்தவர் பெண்சாதியின் ஊரான நாவுலவுக்குப் போய்விட்டார். வருசம் பிறக்கிற நேரத்தில் எந்த வீட்டுக் கதவைத் தட்டுவது. கடைசியில் அப்பா தட்டியது ஹாட்வெயார் கடை முதலாளியின் வீட்டுக் கதவை. அவர் முஸ்லிம் ஆள், அந்த நேரமும் அவருக்கு மற்ற நேரம் போலத்தான். விசயத்தைக் கேட்டதும் உடுத்தியிருந்த சாரத்தோடேயே வந்து, கடைக் கதவைப் பாதி தூக்கி, ஆயில் கேனை எடுத்துக் கையில் திணித்து, ஓடுங்க தம்பி என்றாராம்.

அப்பா கேனோடு மூச்சிரைக்க வந்து காருக்கு அடியில் நுழையக் குனிந்தார். அம்மா குறுக்கே வந்து நின்றாள். இந்த நேரத்திலும் தடுக்கப்போகிறாள் என்றுதான் நான் நினைத்தேன். அம்மா சேலையை இழுத்துச் செருகினாள்.

"நீங்க தொடாதீங்க. என்னா செய்யணும்னு சொல்லுங்க, நான் செய்றேன்."

"ஒனக்கு ஸ்பேனர் எது, திருகாணி எதுன்னு தெரியுமா? தள்ளு."

"அவளக் கொண்டுபோய்ச் சேக்குற கை ஒங்களோடது. அதுல ஒரு கொறையும் இருக்கக் கூடாது. இந்த வேலையோட தோஷம் எனக்கு வந்துட்டுப் போகட்டும்."

கார் ஓட்டுவது மட்டும் வேலை இல்லையா என்று அப்பா கேட்டிருக்கலாம். கேட்டிருந்தால் பிரசவம் முற்றத்திலேயே நடந்திருக்கும். அவர் அம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டுத் தரையில் மண்டியிட்டார்.

மருத்து நீர் வைத்த தலையோடு அம்மா சாக்கில் படுத்துக் காருக்கு அடியில் போனாள். எனக்கு அது வேடிக்கையாக இருந்தது, சிரித்துக்கூட விட்டேன். இடது பக்கம் திருப்பு, இன்னும் கொஞ்சம், இப்போது பார்த்து எடு என்று அப்பா குனிந்து சொல்லிக்கொண்டிருந்தார். ஃபில்டர் கழன்றதும் மிச்ச ஆயில் அவள் கை வழியாக வழிந்து சட்டைக் கைக்குள் போனது. எஞ்சினில் ஒட்டியிருந்த பழைய வளையத்தை நகத்தால் சுரண்டி உரித்து வெளியே எறிந்தாள். ஃபில்டரின் புது ரப்பரில் விரலால் ஆயில் தடவி, கையாலேயே இறுக்கினாள். வெளியே வந்து கேனைத் தூக்கினாள். புனலை நான் பிடிக்கிறேன் என்று ஓடினேன். முழங்கையால் என்னைத் தள்ளிவிட்டாள்.

"கிட்ட வராத. இதுல ஒரு சொட்டு ஒன் மேல படக் கூடாது."

புதுச் சட்டை பாழாகிவிடும் என்பதற்காகச் சொல்கிறாள் என்று எனக்கு ரோசம் வந்தது. அம்மா ஒரு கையால் புனலைப் பிடித்து மறு கையால் ஊற்றினாள். அப்பா ஸ்டார்ட் பண்ணினார். ஆயிலுக்கான சிவப்பு விளக்கு எரிந்து அணைந்தது. அம்மா மறுபடி கீழே தலையை விட்டுப் பார்த்து, ஒழுகவில்லை என்று கையை ஆட்டினாள். பின் சக்கரக் கற்களையும் அவளே எடுத்துப்போட, அப்பா காரைச் செங்கலில் இருந்து இறக்கினார். நெல் மில் சத்தம் எனக்கு அன்றைக்கு மட்டும் இனிமையாக இருந்தது.

சத்தம் கேட்டுப் பக்கத்து வீட்டுச் சிங்கள அக்கா வேலியைத் தாண்டி வந்தார். சித்தியைப் பார்த்ததும் நொனகதயவையும் மறந்து அவரைத் தாங்கிப் பிடித்து ஏற்றி, தானும் பின் சீட்டில் ஏறிக்கொண்டார். நான் ஒரு மூலையில் ஒடுங்கினேன். அம்மா தங்கையோடு பின்னால் உட்காருவாள் என்று எல்லோரும் நினைத்தோம். அவள் முன் சீட்டில் ஏறி, இரண்டு கைகளையும் பழைய துவாயில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டாள்.

மாத்தளை வரைக்கும் பாதையில் ஒரு வாகனமும் இல்லை. வீடுகள் எல்லாம் சாத்திக் கிடந்தன. எங்கேயோ குயில் விடாமல் கூவியது. "பய வென்ன எப்பா, நங்கி", பயப்படாதே தங்கச்சி என்று சிங்கள அக்கா சித்தியின் முதுகைத் தடவித் தைரியம் சொல்லிக்கொண்டே வந்தார். வலி வரும்போதெல்லாம் சித்தி முன் சீட்டைப் பார்த்து, அக்கா, அக்கா என்று கூப்பிட்டார். கையை நீட்டி அம்மாவின் தோளையும் தொட்டார். அம்மா திரும்பி அந்தக் கையைப் பிடிக்கவில்லை.

"இங்கதான்டி இருக்கேன், இங்கதான் இருக்கேன்" என்று முன் கண்ணாடியைப் பார்த்தபடியே சொல்லிக்கொண்டு வந்தாள். அம்மாவுக்கு இவ்வளவு கல் மனசா என்று எனக்கிருந்தது.

ஆஸ்பத்திரி வாசலில் இறங்கிய கொஞ்ச நேரத்திலேயே பிள்ளை பிறந்துவிட்டது. பெண் பிள்ளை, நல்ல சத்தம். இன்னும் கொஞ்சம் பிந்தியிருந்தால் என்று தாதி ஆரம்பித்து, அப்பாவின் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். நாங்கள் உள்ளே போகக் காத்திருந்த நேரமெல்லாம் அம்மா குழாயடியில் நின்றாள். சவர்க்காரம் போட்டாள், மண் போட்டுத் தேய்த்தாள், மறுபடி சவர்க்காரம் போட்டாள்.

உள்ளே விட்டபோது சித்தி களைத்துப்போய்ச் சிரித்தார். துணியில் சுற்றிய பிள்ளையை அம்மாவிடம் நீட்டினார்.

"நீங்கதான்க்கா மொதல்ல தூக்கணும். அம்மா இருந்திருந்தா அவங்க தூக்கியிருப்பாங்க."

அம்மாவின் கைகள் முன்னால் வந்தன. பாதியில் நின்றன. அப்புறம் இரண்டையும் பின்னால் கட்டிக்கொண்டாள்.

"கையெல்லாம் ஆயில்டி. ஒங்க அத்தான் தூக்கட்டும்."

அப்பா பிள்ளையை வாங்கினார். சித்தியின் முகம் வாடியது எனக்கே தெரிந்தது. எனக்குப் பொறுக்கவில்லை. அம்மாவின் பின்னால் போய் அந்தக் கைகளைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தேன். தேய்த்துத் தேய்த்துச் சிவந்திருந்தன. நகக் கண்ணில்கூடக் கறுப்பு இல்லை.

"பொய் சித்தி. அம்மா கை சுத்தமாத்தான் இருக்கு. ஆயிலே இல்ல" என்று வார்டு முழுவதும் கேட்கும்படி சொன்னேன்.

அம்மா கையைப் பிடுங்கிக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பி நின்றாள். அவள் தோள் குலுங்கியது. பொய் பிடிபட்ட வெட்கத்தில் அழுகிறாள் என்று நினைத்து, உண்மையைச் சொன்ன பெருமையோடு நான் பிள்ளையைப் பார்க்கப் போய்விட்டேன்.