கடைசியில் சேர்த்து வைத்தவர்

எண்பதுகளின் கடைசியில் டென்மார்க்கின் ஓகூஸ் நகரத்தில் ஒரு சீன உணவகத்தில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன். என்னை அகதியாக ஏற்றுக்கொண்டிருந்தார்கள். யாழ்ப்பாணத்தில் இருந்த மனைவியைக் கூப்பிடச் சட்டப்படி உரிமை உண்டு என்றும் சொல்லியிருந்தார்கள். விண்ணப்பம் போட்டேன். அது கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது. தமிழர்களின் குடும்ப விண்ணப்பங்களைத் தொடாமல் அப்படியே கிடக்க விடும்படி நீதி மந்திரியிடமிருந்தே சொல்லப்பட்டிருந்தது என்பது பிறகுதான் வெளியே வந்தது. பத்திரிகைகள் அதற்குத் தமிழர் வழக்கு என்று பெயர் வைத்தன. எங்களுக்கு அப்போது தெரிந்தது ஒன்றுதான். விண்ணப்பம் கொடுத்த கந்தோருக்குப் போனால் ஒரு பெண் சிரித்த முகத்தோடு "பொறுத்திருங்கள்" என்பாள். அந்தச் சிரிப்பை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் பற்றிக்கொண்டு வருகிறது.

பனி கொட்டிய அந்த மாரிகாலத்தில் உணவகத்து முதலாளியம்மாவின் அக்கா ஹொங்கொங்கிலிருந்து வந்து சேர்ந்தார். ஐம்பதை நெருங்கிய வயது, விரலிடுக்கில் எந்நேரமும் சிகரெட். ஓய்வெடுக்க வந்திருக்கிறார் என்றார்கள். பிற்பகலில் சாப்பாட்டுக்கு ஆள் வராத நேரம் அவர் சமையலறை மேசையில் உட்கார்ந்து மாவுத் தகடுகளில் இறைச்சி வைத்து மடிப்பார். பக்கத்தில் நின்று நான் கோப்பை துடைப்பேன். இருவருக்கும் பொதுவாக இருந்தது பள்ளிக்கூட ஆங்கிலம். நானும் அவரை அக்கா என்றுதான் நினைத்துக்கொள்வேன்.

அக்கா அவருடைய ஊரில் பேர்போன காதல் நாவலாசிரியை. ஒரு துணிக் கம்பனியில் தட்டச்சு வேலை பார்த்துக்கொண்டே எழுதத் தொடங்கியவர். அவருடைய புத்தகங்களைத் தெருவோரக் கடைகளில் வாடகைக்கு எடுத்து, தையல் மெஷினுக்குப் பக்கத்தில் விரித்து வைத்து வாசிப்பார்களாம். பிறகு சினிமாக்காரர்கள் கூப்பிட்டார்கள். நடிகர்கள் முகத்துக்குப் பூசிக்கொண்டு காத்திருக்க, அவர் ஒரு மூலையில் இருந்து பக்கம் பக்கமாக எழுதிக் கொடுப்பாராம். ஒரு தயாரிப்பாளரோடு பல வருடம் சேர்ந்து வாழ்ந்தார். அந்த மனிதர் அக்கா எழுதிய படத்தில் நடித்த பெண்ணோடே போய்விட்டார். அதைச் சொல்லும்போது அக்கா அழவில்லை. "அந்தப் படம் நன்றாக ஓடியது" என்று மட்டும் சொன்னார்.

அவருக்குத் தொழில் கைவந்திருந்தது. கதாநாயகன் ஏழையாக இருக்கலாம், ஆனால் சாப்பிடுவதைக் காட்டக் கூடாது. கதாநாயகிக்கு எந்த நோயும் வரலாம், தலைமயிர் மட்டும் கலையக் கூடாது. எல்லாவற்றிலும் முக்கியமானது காத்திருப்பு. "வாசிக்கிறவளை எவ்வளவு வேண்டுமானாலும் காக்க வை. ஆனால் கடைசியில் கொடுத்தே ஆக வேண்டும். கொடுக்காவிட்டால் அவள் உன்னை மன்னிக்க மாட்டாள்" என்பார். டென்மார்க்கின் நீதி அமைச்சில் ஒருவரும் காதல் கதை வாசிப்பதில்லை என்று நினைத்துக்கொள்வேன்.

நான் மனைவிக்காகக் காத்திருக்கிறேன் என்று தெரிந்த நாளிலிருந்து அக்கா என்னை விடவில்லை. அவள் எப்படி நடப்பாள், கோபம் வந்தால் என்ன செய்வாள் என்று கேட்டுக்கொண்டே இருப்பார். கேட்க ஒரு சீவன் கிடைத்ததே என்று நானும் சொன்னேன். என்னோடு அறையில் இருந்தவர்களுக்கு அவரவர் கதையே தலைக்கு மேல் இருந்தது. ஒருவன் மட்டும் பகிடி விடுவான். "அண்ணை, உங்கட சீன அக்காவிட்டைச் சொல்லி மந்திரிக்கு ஒரு காதல் கதை எழுதிக் குடுக்கச் சொல்லுங்கோ. வாசிச்சு மனம் இளகினாலும் இளகும்."

ஒரு நாள் அக்கா, பிரியும்போது மனைவியிடம் கடைசியாக என்ன சொன்னாய் என்று கேட்டார்.

"பின்கதவைப் பூட்டிக்கொள் என்றேன்."

அக்கா சிரித்துவிட்டார். "இதை எழுதினால் யார் அழுவார்கள்? நீ இல்லாமல் செத்துப்போவேன் என்று சொல்லியிருக்க வேண்டும்."

எனக்குச் சுருக்கென்றது. எங்களுடையது பேசிச் செய்த கலியாணம். சில மாதங்கள்தான் ஒன்றாக இருந்தோம். ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரிக்கவே அப்போதுதான் பழகிக்கொண்டிருந்தோம். பின்கதவு வழியாகத்தான் ஆமிக்காரர் வருவார்கள். அந்த நேரத்தில் எனக்கு வாயில் வந்த அன்பு அவ்வளவுதான். இதை அக்காவுக்கு விளங்கப்படுத்த என் ஆங்கிலம் போதவில்லை. கோப்பையைச் சத்தமாக வைத்தேன்.

"கோபிக்காதே. எனக்கு உன் மந்திரியைவிட அதிகாரம் அதிகம். ஒரே இரவில் உன் மனைவியைக் கொண்டுவந்து உன்னோடு சேர்த்துவிடுவேன்" என்றார்.

அடுத்த மாரிக்கு முன்னரே சினிமாக் கம்பனி திரும்பவும் கூப்பிட்டது. அக்கா போய்விட்டார். போகும்போது என் தோளில் தட்டினார். நானும் மனம் கனத்து வழியனுப்பினேன். என்னிடமிருந்து எவ்வளவை எடுத்துக்கொண்டு போகிறார் என்று அப்போது எனக்கு உறைக்கவில்லை.

விவகாரம் வெளியே வந்து, பாராளுமன்றத்தில் கேள்வி கேட்கத் தொடங்கிய பிறகு, கிடப்பில் கிடந்த கடதாசிகள் அசைந்தன. மனைவி வந்தாள். அதற்கிடையில் அவள் தமையன் வீட்டில் வேண்டாத பாரமாக இருந்திருந்தாள். இந்திய ஆமி வந்தபோது அடைக்கலம் தேடிக் கோயிலில் படுத்திருந்தாள். புருஷன் வெள்ளைக்காரியை வைத்திருக்கிறான், அதுதான் கூப்பிடவில்லை என்று ஊர் சொன்னதை ஒவ்வொரு நாளும் கேட்டிருந்தாள். கோபன்ஹேகன் விமான நிலையத்தில் கண்ணாடிக் கதவு திறந்து அவள் வந்தபோது எனக்கு முதலில் அடையாளம் தெரியவில்லை. கன்னம் ஒட்டி, முன்தலையில் நரை விழுந்து, யாரோ கொடுத்த பெரிய குளிர்ச்சட்டைக்குள் நின்றாள். சுற்றி ஆட்கள். எனக்குக் கால் எழவில்லை. கையை நீட்டினேன். எந்த வாசலில் நின்றாலும் கை கொடுத்துப் பழகிய நாடு இது. அவள் அந்தக் கையைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத் தொட்டாள்.

அதற்குப் பிறகு நாங்கள் சண்டை பிடிக்கவில்லை. சண்டை பிடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். "சாப்பிட வாங்கோ", "பஸ்ஸுக்கு நேரமாச்சு" என்று வீட்டில் இருந்த பேச்சு அவ்வளவுதான். அவள் மனதை எப்படித் திரும்பப் பெறுவது என்பதைத் தவிர எனக்கு வேறு யோசனை இல்லை. கேட்கவும் பயம்.

பிறகு ஒரு நாள் அந்த விவகாரத்தில் அரசாங்கமே கவிழ்ந்தது. உணவகத்துச் சாப்பாட்டு மேசைகளிலிருந்து டேனிஷ்காரர் எழுந்துவந்து எனக்குக் கை கொடுத்தார்கள். நீங்கள் வென்றுவிட்டீர்கள் என்றார்கள். என்னத்தை வென்றேன் என்ற கேள்வி வாய் வரை வந்தது. அடக்கிக்கொண்டேன். அந்தக் கிழமைதான் முதலாளியம்மா ஒரு வீடியோ கசெட்டைப் பெருமையோடு என் கையில் தந்தார். அக்கா எழுதிய படம். ஊரே அழுததாம். அக்கா இப்போது கடலைப் பார்த்த வீட்டில் இருக்கிறாராம்.

வீட்டில் போட்டுப் பார்த்தோம். வெளிநாட்டில் கோப்பை கழுவும் சீன இளைஞன். ஊரில் மனைவி. அவளை வர விடாத அரசாங்கம். மனைவிக்கு மொழியும் தெரியாது, கீழே ஓடிய ஆங்கில எழுத்தும் பிடிபடவில்லை. ஆனாலும் கண்ணை எடுக்காமல் பார்த்தாள். பிரியும் காட்சியில் கதாநாயகி குனிந்து அவனுடைய சப்பாத்து நாடாவைக் கட்டிவிட்டாள்.

நான் புறப்பட்ட அன்று என் மனைவியும் அதைத்தான் செய்தாள். பயணத்துக்கென்று வாங்கிய சப்பாத்து. எனக்கு நாடா கட்டத் தெரியாது. அறைக்குள், கதவைச் சாத்திக்கொண்டு, என் காலடியில் உட்கார்ந்து கட்டிவிட்டாள். அதை எங்கள் இருவரையும் தவிர ஒருவரும் பார்க்கவில்லை.

அவள் திரையைப் பார்த்தபடியே கேட்டாள். "உதை ஆருக்குச் சொன்னனீங்கள்?"

"முதலாளியம்மான்ர அக்காவுக்கு. அவதான் இதை எழுதினவ. உது எங்கட கதையப்பா."

படம் ஓடிக்கொண்டிருந்தது. கதையில் வருடங்கள் போயின. கதாநாயகியின் தலைமயிர் கலையவேயில்லை. கடைசியில் விமான நிலையம் வந்தது. கண்ணாடிக் கதவு திறந்தது. தடுப்புக்கு இந்தப் பக்கம் அவன் நின்றான். இனி என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். அக்கா வாசகியை ஏமாற்ற மாட்டார். மனைவிக்குப் பக்கத்தில் இருந்துகொண்டு அதை என்னால் பார்க்க முடியாது. படத்தை நிறுத்த எழுந்தேன்.

மனைவி என் கையைப் பிடித்தாள்.

"நிப்பாட்டாதேங்கோ" என்றாள். "அவளுக்கெண்டாலும் ஒருத்தன் ஓடி வரட்டும்."