கதண்டு கலைந்த அன்று

என் அண்ணன் பிச்சைமுத்து எதைச் செய்தாலும் ஊரே திரும்பிப் பார்க்க வேண்டும். ஜீயபுரத்திலிருந்து காந்தி மார்க்கெட்டுக்கு வாழைத்தார் ஏற்றும் வண்டிக்குக்கூட, தூங்குகிறவனைத் தூக்கிப்போடுகிற ஹாரன்தான் வைத்திருக்கிறான். அப்பா செத்தபோதும் அப்படித்தான், மூட்டை மூட்டையாக வெடி வாங்கிவிட்டான்.

சுடுகாட்டுக்குப் போகிற வாய்க்கால் கரையில் ஒரு பனை. அதில் பானை பெரிதாகக் கதண்டுக் குளவிக் கூடு. பத்துக் கொட்டு வாங்கினால் ஆள் பிழைப்பதே கஷ்டம். தீயணைப்பு நிலையத்துக்கு ஏற்கெனவே சொல்லியிருந்தோம். "இருட்டினதும் வந்து அழிக்கிறோம். அதுவரைக்கும் அந்தப் பக்கம் வெடி, புகை எதுவும் ஆகாதுங்க" என்று படித்துப் படித்துச் சொன்னார்கள்.

"அண்ணே, வெடி வேணாம். வயல் வழியா சுத்திக்கிட்டுப் போயிடுங்க" என்றேன்.

"எங்கப்பாவைத் திருட்டுத்தனமா கொண்டுபோகச் சொல்றியா வேணி? உன் வேலையைப் பாரு!"

அவனுக்கு மட்டும்தான் அப்பாவாம்!

பெண்கள் நாங்கள் தெருமுனையோடு நின்றுவிட்டோம்; பனை அங்கிருந்தே தெரியும். பனையடியில் சரவெடி வெடித்ததுதான் தாமதம், கதண்டு கலைந்து இறங்கியது. முன்னால் கொள்ளிச்சட்டியோடு நடந்த அண்ணன், சட்டியைப் போட்டு உடைத்துவிட்டு ஒரே ஓட்டம். பாடை தூக்கியவர்களும் தோளை உருவிக்கொண்டு ஓடினார்கள். அண்ணனோடு தார் ஏற்றுகிற அமிர்தராஜ் மட்டும் ஓடவில்லை. சாய்ந்த பாடையை நெஞ்சில் தாங்கி மெல்ல இறக்கி வைத்த பிறகுதான் நகர்ந்தார். அதற்குள் தலையெல்லாம் கதண்டு. அவர் கையை வீச வீச இன்னும் மொய்த்தது.

"கையை வீசாதீங்க! துண்டால தலையை மூடிக்கிட்டு ஓடியாங்க!" என்று கத்தினேன். பாதி வழியிலேயே விழுந்துவிட்டார்.

அவரை எப்படியோ போர்வையைப் போர்த்தி இழுத்து வந்தார்கள். அப்பா நடுப்பாதையில் அநாதையாகக் கிடந்தார். பொழுது சாயும்வரை ஒருவராலும் கிட்டே போக முடியவில்லை. சீ, என்ன மானக்கேடு! தலைமகன் இருந்தும் அப்படிக் கிடந்தார்.

திருச்சி ஆஸ்பத்திரியில் அமிர்தராஜ் பிழைப்பாரா என்று டாக்டர்களுக்கே உறுதியில்லை. அண்ணன் தினமும் வார்டு வாசல்வரை போவான். அமிர்தராஜின் மனைவி பெலிண்டாவைக் கண்டதும் திரும்பிவிடுவான். அமிர்தராஜுக்கு நினைவு வந்த அன்று நான்தான் அவன் கையைப் பிடித்து உள்ளே இழுத்துப் போனேன்.

முகம் வீங்கி, கண் திறக்க முடியாமல் படுத்திருந்தார் அமிர்தராஜ்.

"அண்ணன் வந்திருக்குங்க" என்றேன்.

"முத்து, அப்பா மேல ஒண்ணும் கொட்டிடலையே?" என்று கேட்டார்.

ஓடிய அண்ணன்தான் திரும்பியே பார்க்கவில்லையே. கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டான். நான்தான், "ஒண்ணும் பண்ணலைங்க" என்றேன்.