நாலு வீதக் கல்வி வரி

நல்லூரில் வீட்டு மேசையிலிருந்தபடியே சென்னைக் கம்பனியொன்றுக்குச் சம்பளக் கணக்குப் பார்க்கிறேன். இந்தியாவில் வருமான வரியோடு சுகாதாரத்துக்கும் கல்விக்குமென்று நாலு வீதம் மேலதிகமாகப் பிடிப்பார்கள். முதல் மாதமே நான் அதைப் பிழையாகப் போட்டுவிட்டேன்.

சென்னை மேலாளர் அழைத்தார். "சார், அந்த நாலு பர்சன்டை வருமான வரித் தொகை மேலதான் போடணும். நீங்க மொத்தச் சம்பளத்து மேல போட்டிருக்கீங்க. எல்லாரும் என்னைத் திட்டுறாங்க."

இருபது வருடம் கணக்கு எழுதியவன் விடுகிற பிழையா இது? எனக்கு என்மேலேயே எரிச்சல். எதிரேயிருந்து மகளின் ரியூசன் நேரசூசியைச் சரிபார்த்துக்கொண்டிருந்த மனைவிக்கோ சிரிப்பு. ஒரு பாடத்துக்கு இரண்டு மாஸ்ரர்மாரிடம் பிள்ளையை அனுப்பாவிட்டால் இங்கே தாய்மாருக்கு நித்திரை வராது.

"உதிலை என்ன பிழை? எங்கடை வீட்டிலை படிப்புக்கு முழுச் சம்பளத்திலைதானே வெட்டுறது. அந்தப் பழக்கத்திலை போட்டிருப்பியள்."

கணக்கைத் திருத்தி அனுப்பிவிட்டு, "நாலு வீதம் வெட்டினதுக்கே அங்கை சண்டைக்கு வருகினமாம்" என்றேன்.

"அவைக்கு எங்கடை கெமிஸ்ரி மாஸ்ரரைத் தெரியாதுதானே" என்றவள் கையை நீட்டினாள். "மிச்சச் சம்பளத்தையும் எடுங்கோ."