சிஞ்ஞோராவின் கடைசி மேடை

வன்னியில் போர் முடிந்த அந்த மே மாதத்தில் நான் ரொறன்ரோவின் மேற்குப் பக்கத்தில் ஓர் இத்தாலிய மூதாட்டியைப் பராமரித்துக்கொண்டிருந்தேன். ஸ்காபரோவிலிருந்து பஸ், பிறகு சப்வே, மறுபடியும் பஸ். அவருக்கு எண்பத்தெட்டு வயது. அவர்களுடைய வழக்கப்படி சிஞ்ஞோரா என்றுதான் கூப்பிடுவேன். இளமையில் நாடக நடிகை என்று மகன் முதல் நாளே சொல்லியிருந்தார். ஆனால் அந்த வீட்டில் அதற்கு அடையாளமாக ஒரு படம்கூட இல்லை.

சிஞ்ஞோராவின் முடி இடுப்புக்குக் கீழே தொங்கும். முழு வெள்ளை. கழுவிக் காயவைத்துச் சிக்கெடுத்துப் பின்னி முடிக்க ஒன்றரை மணித்தியாலம் போகும். கட்டையாக வெட்டிவிட்டால் உங்களுக்கும் சுகம் என்று மகன் என்னிடம் சொன்னார். நான் அதை ஒருமுறை சிஞ்ஞோராவிடம் மெல்லச் சொல்லிப் பார்த்தேன். கையிலிருந்த கோப்பிக் கோப்பையைச் சுவரில் எறிந்தார். அதன் பிறகு நான் அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

என் தங்கையும் அவளுடைய பதினேழு வயது மகளும் கடைசிவரை வன்னிக் கடற்கரையில் அகப்பட்டிருந்தார்கள். மூன்று கிழமையாக ஒரு தகவலும் இல்லை. ஒரு காலை, நான் சிஞ்ஞோராவுக்கு முட்டை பொரித்துக்கொண்டிருந்தபோது அகதி முகாமிலிருந்து யாரோ ஒருவருடைய தொலைபேசியில் தங்கை கதைத்தாள். பிள்ளையைச் சில மாதங்களுக்கு முன் இயக்கத்தார் சண்டைக்குப் பிடித்துப்போய் முடியை வெட்டியிருந்தார்கள். பத்து நாளில் ஓடிவந்துவிட்டாள். ஆனால் முடி வளர நாள் போதவில்லை.

"தலையைச் சீலையால மூடித்தான் கூட்டிக்கொண்டு வந்தனான் அக்கா. ஆமிச் சோதனையில ஒருத்தி சீலையை இழுத்துப் பாத்தவள். கட்டை முடியைக் கண்ட உடன இயக்கமெண்டு பிள்ளையைப் பிரிச்சு வேற பஸ்ஸில ஏத்திப்போட்டினம்."

அதோடு தொடர்பு அறுந்தது. முட்டை கருகியது. சிஞ்ஞோரா கைத்தடியை ஊன்றி அடுப்படிக்கு வந்து என்ன என்று கேட்டார். எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் எல்லாவற்றையும் சொன்னேன். முடி என்றதும் கதிரையை இழுத்துப்போட்டு உட்கார்ந்துவிட்டார். அன்று மத்தியானம்வரை அவர்தான் பேசினார்.

பதினாறு வயதில் வேலைக்காரி வேடத்தில் ஒற்றை வசனத்தோடு மேடையேறியவர். இருபதில் கதாநாயகி. வட இத்தாலியில் ஒரு சிறிய நகரத் தியேட்டர். ஜெர்மன் படை வந்த பிறகு முன்வரிசை முழுக்கச் சீருடைகள். ஓர் அதிகாரி ஒவ்வொரு காட்சிக்கும் பூ அனுப்பினான். பூவைத் தண்ணீரில் வைத்ததுதான் தன்னுடைய குற்றம் என்றார். பிறகு, இல்லை, இரண்டு தரம் அவனோடு சாப்பிடவும் போனேன், அங்கே இறைச்சி இருந்தது என்றார்.

போர் முடிந்த கிழமை, ஜெர்மன்காரரோடு பழகியவர்கள் என்று ஊரார் அவரையும் சேர்த்து நான்கு பெண்களை அந்த மேடைக்கே இழுத்து வந்தார்கள். விளக்குகளை எல்லாம் போட்டார்கள். அவ்வளவு கூட்டம் எந்த நாடகத்துக்கும் வந்ததில்லை என்றார் சிஞ்ஞோரா. அவருடைய முடியை வெட்டியவள், நான்கு வருடம் ஒவ்வொரு காட்சிக்கும் அவருக்குத் தலை அலங்காரம் செய்தவள்.

தெற்கே தூரத்து ஊர்களில் டோப்பா வைத்து இரண்டு வருடம் நடித்தார். ஒருநாள் சபையிலிருந்து யாரோ, முடி வெட்டிய அன்று ஊரார் ஏசிய அதே சொல்லைக் கத்தினார்கள். நாடகமே பார்த்திராத ஒரு கொத்தனாரைக் கட்டிக்கொண்டு கனடாவுக்கு வந்தார். முப்பது வருடம் உடுப்புத் தைக்கும் ஃபாக்டரியில் வேலை. இங்கே ஒருமுறை தேவாலயத்து நிலக்கீழ் மண்டபத்தில் நடிக்கக் கூப்பிட்டார்கள். மூன்று கிழமை ஒத்திகை பார்த்தார். உடன் நடித்த ஒருத்தி, உங்களை எங்கோ பார்த்திருக்கிறேன், எந்த ஊர் என்று கேட்டாள். சிஞ்ஞோரா கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார். பிறகு எந்த மேடையிலும் ஏறவில்லை.

நான் புறப்படும்போது என் கையைப் பிடித்துக்கொண்டார். அவர் ஆங்கிலத்தில் சொன்னதை என் தமிழில் எழுதுகிறேன்.

"பிள்ளை திரும்பி வந்தால் ஒண்டும் கேக்கவேண்டாமெண்டு தாயிட்டைச் சொல்லு. என்ர அம்மா வீட்டுக்குள்ளயும் தலையை மூடச் சொன்னவ. என்ன செய்தனீ, என்ன செய்தனீ எண்டு சாகுமட்டும் கேட்டவ."

அதற்குப் பிறகு ஒவ்வொரு நாளும் கதவைத் திறந்ததும், வந்துவிட்டாளா என்று கேட்பார். நான் இல்லை என்று தலையாட்டுவேன். அந்தக் குளிர்காலத்தில் நிமோனியா வந்து சிஞ்ஞோரா இறந்துபோனார். அடக்கத்துக்கு மகன் குடும்பமும் நானும் மட்டுந்தான்.

தங்கையின் மகள் மேலும் ஒரு வருடம் கழித்துத்தான் தடுப்பு முகாமிலிருந்து வீட்டுக்கு வந்தாள். சிஞ்ஞோரா சொன்னதைத் தங்கையிடம் சொன்னேன்.

"நான் பெத்தனான். நான் கேக்காமல் ஆர் கேக்கிறது?" என்றாள்.

இப்போது பிள்ளை கொழும்பில் தனியே இருக்கிறாள். தாயோடு பேசுவதில்லை. நான் எடுத்தால் தொலைபேசியைத் தூக்குவாள். நான் இங்கத்தைக் குளிரைப் பற்றிச் சொல்வேன். அவள் கேட்டுக்கொண்டிருப்பாள். பிறகு, வைக்கிறன் பெரியம்மா என்பாள்.