வாகீசன் பந்தியை விட்டு எழுந்த காரணம்

எங்கள் குடும்பத்தில் வாகீசனைப் பற்றி இரண்டு கதைகள் வழங்குகின்றன. அவர் தலைக்கனம் பிடித்தவர் என்பது ஒன்று. சாப்பாட்டில் ஆசாரம் பார்ப்பவர் என்பது மற்றது. இரண்டும் பிழை. அவரும் அவருடைய தமக்கை யோகராணியும் தனித்தனியே சொன்னவற்றை ஒப்பிட்டு, ஒத்துவந்தவற்றை மட்டும் இங்கே எழுதுகிறேன்.

1986இல் வீதியில் வைத்துப் பிடிக்கப்பட்ட வாகீசன், இலங்கையின் தென்பகுதியில் ஒரு தடுப்பு முகாமில் வழக்கோ விசாரணையோ இன்றி அடைக்கப்பட்டார். எத்தனை மாதங்கள் என்பதில் இருவர் சொல்வதும் பொருந்தவில்லை. விடுதலையானபின் ரொறன்ரோ வந்து, சென் ஜேம்ஸ் ரவுணில் யோகராணியின் வீட்டில் தங்கினார். யோகராணியின் கணவர் முன்னரே காலமாகிவிட்டதால், மகள் நிலாணிக்கு இவரே தகப்பன் ஸ்தானம். முகாமைப் பற்றி நெடுங்காலம் வீட்டில் அவர் வாய் திறந்ததில்லை.

1993 இளவேனிலில் நிலாணிக்கு நிச்சயதார்த்தம் நடந்தது. அவர்கள் குடியிருந்த அடுக்குமாடிக் கட்டடத்தின் மண்டபத்தில் பாய் விரித்து, முதற்பந்தியில் மாப்பிள்ளையின் தகப்பன் சண்முகநாதனுக்குப் பக்கத்தில் வாகீசனை இருத்தினார்கள். இலையில் சோறு விழுந்ததும் வாகீசன் எழுந்து வெளியே போய்விட்டார். சம்பந்தியோடு இருந்துவிட்டுக் கை நனைக்காமல் எழுவது எங்களிடையே உறவை முறிப்பதற்குச் சமம். மாமன்காரர் வந்து காரணம் சொல்லாவிட்டால் கலியாணப் பேச்சை விட்டுவிடலாம் என்று சண்முகநாதன் சொல்லியனுப்பினார். யோகராணி அழுதார். வாகீசனுக்கோ சொல்ல வாய் வரவில்லை.

பிளாஸ்ரிக் மூடிகள் செய்யும் தொழிற்சாலை ஒன்றில் அவருக்கு வேலை. சாப்பாட்டறையில் எல்லாரும் வரிசையாக இருந்து உண்ணும் நீண்ட வாங்குகளைத் தவிர்த்துப் பின்வாசற் படியில் உண்பவர்கள் அங்கே இருவர்தான்: வாகீசனும், அறுபது தாண்டிய மிசிஸ் ஒகூராவும். கலியாணம் குழம்பிய கதையை வாகீசன் அவரிடம் சொன்னார். கேட்டு முடித்த அம்மையார், உன்னை எங்கே அடைத்து வைத்திருந்தார்கள் என்று மட்டும் கேட்டாராம்.

அவர் இந்த நாட்டின் மேற்குக் கரையில் மீனவக் குடும்பத்திற் பிறந்தவர். 1942இல், ஜப்பானிய வம்சத்தவர் என்ற ஒரே காரணத்துக்காக, அவருடைய குடும்பத்தைக் கால்நடைத் தொழுவத்தில் அடைத்து, பிறகு மலைப்பள்ளத்தாக்கு முகாமொன்றுக்கு அனுப்பினார்கள். தொழுவத்தில் வரிசை வரிசையாக இருந்து உண்ட சிறுமி, அதன்பின் அப்படி உண்ணவேயில்லை. 1988இல் அரசாங்கம் மன்னிப்புக் கேட்டபோதுதான் பிள்ளைகளுக்கு இதைச் சொன்னாராம். அதுவரை அவர்கள் அம்மாவை வீம்புக்காரி என்றே நினைத்திருந்தார்கள்.

கியூபாவில் ஸ்பானியரும் தென்னாபிரிக்காவில் பிரித்தானியரும் குடிமக்களை வேலிக்குள் அடைத்து நூறாண்டாகிறது. ஆனால் தமக்கு நேர்ந்தது வேறொருவருக்கும் நேர்ந்திருக்கும் என்று வாகீசன் அதுவரை எண்ணியதில்லை.

அடுத்த ஞாயிறு அவர் அதே நகரின் வெக்ஸ்போர்ட் பகுதிக்கு, சண்முகநாதன் வீட்டுக்குப் போனார். கதிரையில் இருக்கச் சொல்லியும் இருக்கவில்லை.

“அண்ணை, நான் உங்களை மதிக்காமல் எழும்பேல்லை. முகாமிலை எங்களை நிலத்திலை வரிசையா இருத்தித்தான் சோறு போடுறவங்கள். சாப்பிடேக்கைதான் பேர் கூப்பிடுவாங்கள். எழும்பிப் போன சில பேர் திரும்பி வரேல்லை. இப்பவும் வரிசையிலை இருந்தால் எனக்குச் சோறு இறங்காது.”

சண்முகநாதன் கதிரையை விட்டு எழுந்தார்.

“இதை அண்டைக்கே என்ரை காதுக்கை சொல்லியிருக்கலாமே, தம்பி. எனக்கும் முழங்கால் நோ. மாப்பிள்ளையின்ரை தகப்பன் எண்டபடியால் பல்லைக் கடிச்சுக்கொண்டு நிலத்திலை இருந்தனான். கலியாணத்துக்குப் பாயும் வேண்டாம் பந்தியும் வேண்டாம், மேசை போடுவம். இப்ப குசினிக்கை வாரும். புட்டு இருக்கு. கை நனைக்காமல் உம்மை விடமாட்டன்.”

வாகீசன் புட்டுச் சாப்பிட்டார். வீடு திரும்பி, யோகராணியையும் நிலாணியையும் இருத்தி முழுவதையும் சொன்னார்.

ஆவணியில் கலியாணம் நடந்தது. மண்டபம் நிறைய வட்ட மேசைகள். மிசிஸ் ஒகூரா, வாகீசனுக்கும் சண்முகநாதனுக்கும் நடுவில் இருந்து, பாயாசத்தை இரண்டாம் முறையும் கேட்டு வாங்கிக் குடித்தார்.